ஏலத்திற்கு வந்த கேள்வி

தோழரே!

ஊராட்சி மன்றத்துப் புளியமரங்களின் மகசூலை ஏலம் விடும் காட்சியைக் கண்டிருப்பீர்கள். மரத்தடியிலே கூட்டம் கூடும். ஒரு தரம் என்பார், இரண்டு தரம் என்பார், சற்று நிறுத்திச் சுற்றுமுற்றும் நோக்கிவிட்டு மூன்று தரம் என்பார். அதிகம் கேட்டவன் கைக்குப் புளி போய்ச் சேரும். ஏரி மீனுக்கும் இதுவே முறை. சந்தைச் சுங்கத்துக்கும் இதுவே முறை. குறை கூற அதிலே ஏதுமில்லை. எவன் எடுத்தாலும் புளி புளிக்கும். எவன் வலை வீசினாலும் மீன் மீனாகவே இருக்கும். ஆனால், ஆளவந்தார்களை நோக்கிக் கேள்வி கேட்கும் உரிமையை ஏலத்திலே விட்டார்கள் என்று கூறினால் நம்புவீர்களா?

விட்டார்கள்! பாராளுமன்றங்களுக்கெல்லாம் தாய் என்று போற்றப்படுகிறதே ஒரு மன்றம், அது அமைந்துள்ள பிரிட்டனிலேயே விட்டார்கள். 1991 அக்டோபர் 16ஆம் நாள் ஏலத்தின் முடிவு வெளியாயிற்று. ஐ.டி.வி. என்னும் தனியார் தொலைக்காட்சிக்கு உரிய 16 உரிமங்கள் அன்று பங்கிடப்பட்டன. தமுக்கு இல்லை, மரத்தடி இல்லை. ஆண்டுதோறும் கருவூலத்துக்கு எவ்வளவு கட்டுவோம் என்பதை மூடிய உறையிலே எழுதிக் கொடுத்தார்கள் கனவான்கள். மத்திய இங்கிலாந்து வட்டாரத்துக்குப் போட்டியிட எவரும் வரவில்லை என்பதை மோப்பம் பிடித்துவிட்ட சென்ட்ரல் கம்பெனி, வெறும் 2,000 பவுன் எழுதிக் கொடுத்து உரிமத்தைத் தட்டிக்கொண்டு போயிற்று. லண்டன் மாநகரிலே 1968 முதல் ஒளிபரப்பி வந்த தேம்ஸ் கம்பெனியோ, 3 கோடியே 27 லட்சம் பவுன் தருகிறேன் என்றது. கார்ல்டன் என்னும் புதிய கம்பெனி 4 கோடியே 30 லட்சத்துக்கும் அதிகமாக எழுதியிருந்தது. தேம்ஸ் தோற்றது.

இரண்டாயிரம் கொடுத்தவன் உள்ளே; மூன்று கோடிக்கு மேல் கொடுக்க வந்தவன் வெளியே! ஏலத்திலே இது சகஜம் என்பீர்கள். தேம்ஸ் ஒளிபரப்பியது ஆடலும் பாடலும் மட்டுமாக இருந்திருப்பின், இந்தப் பத்தியிலே அதனைப்பற்றி எழுத நேர்ந்திராது. தேம்ஸ் கம்பெனியிடம் 'திஸ் வீக்' என்றொரு நிகழ்ச்சி இருந்தது. இந்த வாரம் என்பது அதன் பொருள். அந்த நிகழ்ச்சி, 1988ஆம் ஆண்டிலே, பிரிட்டிஷ் சர்க்காரை நோக்கி ஒரு கேள்வி கேட்டது. கேட்காதே என்றார்கள், கேட்டது. அதன் பிறகு நடந்தவற்றைக் கூறுமுன், தொலைக்காட்சிக்குக் கேள்வி கேட்கும் துணிவு எங்ஙனம் வந்தது என்பதைக் கூறவேண்டும். அத்துணிவு எவரும் தானமாக அளித்ததன்று.

தொடக்கத்திலே அதற்கு வாயே இல்லை. அமைச்சரைப் படம் பிடிப்பார்கள், ஐயா ஏதேனும் அருள வேண்டும் என்று பணிவார்கள், அவர் அருளுவார், விளக்கு அணையும். போதாக்குறைக்கு, பதினான்கு நாள் விதி என்று ஒன்று வேறு! பாராளுமன்றத்திலே எந்தப் பொருள்பற்றி விவாதம் நடக்க இருக்கிறதோ, அந்தப் பொருளைப்பற்றி அதற்கு முந்திய பதினான்கு நாட்களிலே வானொலியோ தொலைக்காட்சியோ வாய் திறக்கலாகாது. போர்க்காலத்தில், 1944இல், பி.பி.சி. தானாகவே ஏற்றுக்கொண்ட கட்டுப்பாடு இது. 1955இல் அதனைச் சர்க்கார் ஆணையாகவே பிறப்பித்தார் தபால்துறை அமைச்சர் சார்லஸ் ஹில். இவர் யார் தெரியுமா? போர்க்காலத்திலே வானொலி டாக்டர் என்ற பெயருடன் வீட்டுக்கு வீடு மக்களுக்கு உடல்நலம் போதித்துப் புகழடைந்தவர்! வானொலியால் வளர்ந்தவர் கையாலேயே வானொலிக்கு வாய்ப்பூட்டு! அதே மனிதர் பின்னாளில் பி.பி.சி.யின் தலைவராகவும் அமர்ந்தார் என்பதைச் சொன்னால் சிரிப்பீர்கள். சிரித்துவிட்டு மேலே வாருங்கள்.

அந்தப் பூட்டை உடைத்தது சூயஸ். 1956இல் எகிப்தின் மீது படையெடுத்த பிரதமர் ஏடன், நவம்பர் 3ஆம் நாள் தொலைக்காட்சியிலே தோன்றி, தன் செயலே சரி என நாட்டோருக்குக் கூறினார். எதிர்க்கட்சித் தலைவர் கெய்ட்ஸ்கெல், எமக்கும் இடம் வேண்டும் என்றார். போர் நடக்கிறது, சிப்பாய்கள் களத்திலே நிற்கிறார்கள், இவ்வேளையிலே எதிர்ப்புரையா என்று சீறினர் ஆளுங்கட்சியினர். பி.பி.சி. இடமளித்தது. மறுநாளே, நவம்பர் 4ஆம் நாள், கெய்ட்ஸ்கெல் பேசினார். போர்க்காலத்திலும் சர்க்காரின் குரலுக்கு எதிர்க்குரல் உண்டு என்பதை அன்று திரையிலே நாடு கண்டது. அதன்பின் பதினான்கு நாள் விதி நிற்க இயலவில்லை. அவ்வாண்டு டிசம்பரிலேயே நிறுத்தி வைக்கப்பட்டது. 1958இல் பிரதமர் மாக்மில்லனை எதிரிலே அமர்த்தி, உமது அயல்நாட்டு அமைச்சர் செல்வின் லாய்ட்மீது இவ்வளவு குறை கூறுகிறார்களே என்று நேருக்கு நேர் கேட்டார் ராபின் டே என்னும் இளைஞர். பணிவுக் காலம் முடிந்தது.

இதற்கிடையே நிகழ்ச்சிகள் பிறந்துவிட்டன. பி.பி.சி.யின் 'பனோரமா' 1953 நவம்பரில் தோன்றியது, இன்றும் ஓடிக்கொண்டிருக்கிறது. ரிச்சர்டு டிம்பிள்பி அதன் முகமாக விளங்கியபோது, அவர் சொன்னால் வேதவாக்கு. 1957 ஏப்ரல் முதல் நாளன்று, சுவிட்சர்லாந்திலே ஸ்பகெட்டி என்னும் மாவுத்தின்பண்டம் மரத்திலே காய்த்துத் தொங்குவதாக அவர் குரலிலே ஒரு படம் காட்டினார்கள். அந்த மரத்தை எங்ஙனம் பயிரிடுவது என்று கேட்டவர்கள் பலராம்! முட்டாள்கள் தினக் கேலிதான். எனினும், மக்கள் திரையை எவ்வளவு நம்பினார்கள் என்பதற்கு அதனினும் வேறு சான்று வேண்டா. அந்த நம்பிக்கைதான் ஆள்வோரை அச்சுறுத்திற்று. 'திஸ் வீக்' 1956 ஜனவரியில் தொடங்கிப் பின்னர் தேம்ஸ் கைக்கு வந்தது. மான்செஸ்டர் நகரத்து கிரானடா கம்பெனியின் 'வேர்ல்ட் இன் ஆக்ஷன்' 1963 ஜனவரியில் புறப்பட்டது. மற்ற நிகழ்ச்சிகளிலே அறிவிப்பாளர் மேசை முன் அமர்ந்து பேசுவார். இதிலே மேசையும் இல்லை, அறிவிப்பாளரின் முகமும் இல்லை. அரை மணி நேரம், ஒரே பொருள், ஓட ஓட விரட்டும் படம்.

இவை செய்த வேலை எத்தகையது? ஒன்றைக் கூறுகிறேன், அதைக் கேட்டால் மற்றவை விளங்கும்.

1974 நவம்பர் 21ஆம் நாள் பர்மிங்காம் நகரிலே இரண்டு மதுச்சாலைகளில் குண்டு வெடித்து 21 பேர் மாண்டனர். கொடுமை, கொலைபாதகம், அதிலே இரு கருத்துக்கு இடமில்லை. நாடு கொதித்தது. குற்றவாளி எங்கே என்று போலீசார் பாய்ந்தனர். அன்று மாலை பர்மிங்காமிலிருந்து ஐந்து ஐரிஷ்காரர்கள், கப்பலேறி பெல்பாஸ்ட் நகருக்குச் செல்லவேண்டி, ரயிலிலே புறப்பட்டிருந்தனர். துறைமுகத்திலே அவர்களைப் பிடித்தனர். வழியனுப்ப வந்த ஆறாமவரையும் பின்னர் பிடித்தனர். அவர்கள் கைகளைத் துடைத்து இரசாயனச் சோதனை நடத்தினர். இரண்டு பேர் கையிலே வெடிமருந்தின் அடையாளம் உண்டு என்றார் அறிவியலார் ஒருவர். அடித்து வாங்கிய வாக்குமூலங்களும் சேர்ந்தன. 1975இல் ஆறு பேருக்கும் ஆயுட்சிறை.

எங்களை அடித்தார்கள் என்று அந்த அறுவரும் போலீசார்மீது வழக்குத் தொடுக்க முனைந்தனர். 1980இல் பெருமைமிகு நீதிபதி டென்னிங் பிரபு அதனைத் தள்ளினார். தள்ளுவதற்கு அவர் கூறிய காரணத்தைக் கேளுங்கள், தோழரே! இவர்கள் சொல்வது மெய்யானால், போலீசார் பொய்ச்சாட்சி கூறினர், கொடுமை புரிந்தனர் என்றாகும். அது எண்ணிப் பார்க்கவே இயலாத அளவு பயங்கரமான காட்சி. ஆகவே வழக்கு மேலே நடைபெறுவது தகாது! மெய்யா பொய்யா என்பது பற்றியல்ல கவலை. மெய்யாக இருந்துவிட்டால் என்ன செய்வது என்பதே கவலை!

நீதிமன்றம் காண அஞ்சிய அந்தக் காட்சியைக் காண 'வேர்ல்ட் இன் ஆக்ஷன்' அஞ்சவில்லை. கிறிஸ் முல்லின் என்னும் பத்திரிகையாளருடன் சேர்ந்து அந்நிகழ்ச்சியார் செய்ததென்ன? சொற்போர் நடத்தவில்லை. அறிவியலாரிடம் சென்று, அதே சோதனையை வேறு பொருள்களின்மீது செய்து பார்க்கச் சொன்னார்கள். பழைய சீட்டுக்கட்டைத் தொட்ட கையும் அதே அடையாளத்தைக் காட்டிற்று! சீட்டின் மேற்பூச்சிலே உள்ள பொருளே அதற்குப் போதும். ரயிலிலே சென்ற அந்த ஐந்து பேரும் வழியெல்லாம் என்ன செய்துகொண்டிருந்தார்கள்? சீட்டாடிக்கொண்டிருந்தார்கள்.

படம் 1985இல் ஒளிபரப்பாயிற்று. மேல்முறையீட்டு மன்றம் 1988 ஜனவரியிலும் தீர்ப்பு சரியே என்றது. விடவில்லை; முல்லின் விடவில்லை, கிரானடா விடவில்லை, அவர்களோடு நின்ற மற்றவர்களும் விடவில்லை. 1991 மார்ச் 14ஆம் நாள் ஆறு பேரும் விடுதலையாகி வீதியிலே நின்றார்கள். 16 ஆண்டுகள்! இளமையைச் சிறையிலே இழந்து, நரைத்த தலையோடு நின்ற அந்த ஆறு பேரையும் உலகமே பார்த்தது.

இந்த வேலைக்கு என்ன தேவைப்பட்டது? துணிவு என்பீர்கள். துணிவு மட்டும் போதாது. மாதக்கணக்கிலே ஊதியம் கொடுத்து ஆட்களை அலையவிட வேண்டும், அலைந்த பிறகு ஒன்றும் கிடைக்கவில்லை எனில் செலவை விழுங்கவேண்டும், வழக்கறிஞர்களை அமர்த்தவேண்டும், இவ்வளவும் செய்து எடுத்த படத்தை, நாட்டோர் உறங்கியபின் அல்ல, உணவருந்தி அமரும் வேளையிலே காட்டவேண்டும். இலாபத்துக்கென ஏற்பட்ட கம்பெனிகள் இதனைச் செய்தது தரும சிந்தையால் என்று எண்ணிவிடாதீர்கள்! வட்டாரத்துக்கு ஒரே கம்பெனி. விளம்பர வருவாய் முழுதும் அதற்கே. பணத்தைத் தாமே அச்சடித்துக்கொள்ள அளிக்கப்பட்ட உரிமம் இது என்று ஸ்காட்லாந்து நிலையத்தை நடத்திய ராய் தாம்சனே மகிழ்ந்து சொன்னார். அந்த வருவாய்க்கு ஈடாக, தரமான நிகழ்ச்சியைத் தரவேண்டும் எனக் கண்டிப்புடன் மேலே அமர்ந்திருந்தது ஒரு தனி ஆணையம். முதலிலே ஐ.டி.ஏ., பின்னர் ஐ.பி.ஏ. என்று பெயர். சட்டப்படி ஒளிபரப்புகிறவர் கம்பெனிக்காரர் அல்லர். ஆணையமே ஒளிபரப்புகிறது, கம்பெனி படம் எடுத்துத் தருகிறது. ஆகவே எந்தப் படத்தைக் காட்டலாம் எனக் கூறும் பொறுப்பும் அதிகாரமும் ஆணையத்தின் கையிலே.

அந்த ஆணையம் வீரர் கூட்டமுமன்று. ஜான் பவுல்சன் என்னும் கட்டடக்கலைஞர் அதிகாரிகளையும் நகரமன்றத்தாரையும் விலைக்கு வாங்கிய ஊழலை 'வேர்ல்ட் இன் ஆக்ஷன்' படமாக்கியபோது, 1973இல் அதற்குத் தடை விதித்தது இதே ஆணையம்தான். எதிர்ப்புக் கிளம்பிய பிறகு, சில மாதம் கழித்து, வேறு தலைப்பிலே வெளிவர விட்டது. பி.பி.சி. மட்டும் என்ன வாழ்ந்தது? 1985இல் வட அயர்லாந்து பற்றிய படமொன்றை நிறுத்துமாறு உள்நாட்டு அமைச்சர் கடிதம் எழுதினார், பி.பி.சி.யின் ஆளுநர் குழு நிறுத்திற்று. பத்திரிகையாளர்கள் ஆகஸ்டு 7ஆம் நாள் வேலைநிறுத்தம் செய்து திரையைச் செய்தியின்றி வெறிச்சோடச் செய்தார்கள். அக்டோபரிலே படம் சிறு மாற்றத்துடன் வெளிவந்தது. இத்தகைய நடுக்கமும் நிமிர்வும் மாறி மாறி வந்துகொண்டிருந்த காலத்தில்தான், ஜிப்ரால்டர் வந்தது.

1988 மார்ச் 6ஆம் நாள். ஜிப்ரால்டர் வீதியிலே ஐரிஷ் குடியரசுப் படையைச் சார்ந்த இரண்டு ஆண்களும் ஒரு பெண்ணும், சாதாரண உடையிலிருந்த பிரிட்டிஷ் சிறப்புப்படைச் சிப்பாய்களால் சுட்டுக் கொல்லப்பட்டனர். பெரிய குண்டு சிக்கிற்று என்று முதலிலே செய்தி பரவிற்று. மறுநாள் பாராளுமன்றத்திலே அயல்நாட்டு அமைச்சர் ஜெப்ரி ஹவ் கூறினார்: அவர்கள் கையிலே ஆயுதம் இல்லை, அவர்கள் நிறுத்தியிருந்த காரிலே குண்டு இல்லை. உடனே இதையும் சொல்லிவிட வேண்டும்: ஸ்பெயின் நாட்டு மார்பெய்யாவிலே வேறொரு காரில் 64 கிலோ வெடிமருந்து பின்னர் கண்டெடுக்கப்பட்டது. கொல்லும் திட்டத்தோடு வந்தவர்களே அவர்கள். ஐயமில்லை. ஆயினும் கேள்வி வேறு. கைது செய்திருக்க இயலுமா, இயலாதா? எச்சரித்தனரா, இல்லையா? சரணடையக் கை உயர்த்தியவர்மீது சுட்டனரா? சட்டத்தின் பெயரால் ஆள்கிறோம் என்போர் விடையளித்தே ஆகவேண்டிய கேள்வி இது. கொலைகாரனிடம் இதனைக் கேட்க மாட்டோம், சர்க்காரிடம் கேட்போம். அந்த வேறுபாடு இருப்பதனாலன்றோ சர்க்காரைச் சர்க்கார் என்கிறோம்!

'திஸ் வீக்' ஆசிரியர் ரோஜர் போல்டனும் செய்தியாளர் ஜூலியன் மேனியனும் ஜிப்ரால்டரிலே வீடு வீடாகச் சென்று, கண்ணால் கண்டவர்களைத் தேடினர். 'பாறைமீது மரணம்' எனப் பொருள்படும் பெயரோடு படம் தயாராயிற்று. ஏப்ரல் 28ஆம் நாள் ஒளிபரப்பு. அதற்கு இரண்டு நாள் முன்பு, ஹவ், ஆணையத் தலைவர் தாம்சன் பிரபுவைத் தொலைபேசியிலே அழைத்தார். மரண விசாரணை முடியும்வரை படத்தை நிறுத்திவைக்க வேண்டும் என்றார். விசாரணைக்கு முன்னே சாட்சிகளைத் திரையிலே பேசவிட்டால் நடுவர்களின் மனம் திரியும் என்பது அவர் வாதம். அற்பமான வாதமென்று ஒதுக்கமாட்டேன். நீதிமன்றத்துக்கு முன் தீர்ப்பு வழங்கும் பழக்கம் தொலைக்காட்சிக்கு உண்டுதான். ஆனால் விசாரணைக்கு நாள்கூடக் குறிக்கப்படவில்லை. சர்க்கார் தரப்புக் கதை மட்டும் ஏழு வாரமாக ஊரெல்லாம் உலவிக்கொண்டிருந்தது. அதனால் எவர் மனமும் திரியவில்லை போலும்!

ஆணையம் வழக்கறிஞரைக் கேட்டது, படத்தைப் பார்த்தது, மறுத்துவிட்டது. படம் வெளியாயிற்று. சினம் கொண்டீரா என்று கேட்டதற்கு, அதனினும் ஆழமானது என்று பொருள்படப் பதிலளித்தார் பிரதமர் தாட்சர் அம்மையார். சாட்சி கூறிய பெண்மணியை மலிவுப் பத்திரிகைகள் வாயில் வந்தபடி ஏசின. பின்னர் அவர் அவதூறு வழக்குத் தொடுத்து அவற்றிடம் ஈட்டுத்தொகை பெற்றார். ஐந்து மாதம் கழித்து நடந்த மரண விசாரணையிலே, 11 நடுவரில் 9 பேர் சட்டப்படியான கொலையே என்றனர். 2 பேர் ஒப்பவில்லை. படத்திலே கூறப்பட்ட ஒரு சாட்சியம் அங்கே மறுதலிக்கப்பட்டது. அதைக் கொண்டு தேம்ஸ் கம்பெனியைச் சிலுவையிலே அறைய முனைந்தனர் பலர்.

தேம்ஸ் என்ன செய்தது? தன்னைத் தானே விசாரிக்கச் செய்தது! விசாரிக்க அமர்த்தியவர் யார்? ஆளுங்கட்சியான கன்சர்வேடிவ் கட்சியின் முன்னாள் அமைச்சர் விண்டில்ஷாம் பிரபுவும், ரிச்சர்டு ராம்ப்டன் என்னும் வழக்கறிஞரும். 1989 ஜனவரியில் அவர்கள் அறிக்கை வந்தது. சில குறைகளைச் சுட்டினர். படம் நேர்மையோடு எடுக்கப்பட்டது, உள்நோக்கம் இல்லை என்றனர். சர்க்கார் அவ்வறிக்கையை ஏற்கவில்லை. தன் பிழையைத் தேடத் தானே ஆள் அமர்த்தும் துணிவு எத்தனை சர்க்காருக்கு உண்டு என்று எண்ணிப் பாருங்கள்.

இடையிலே ஒரு கேலிக்கூத்து. 1988 அக்டோபர் 19ஆம் நாள், சின் பேன் முதலிய அமைப்பினரின் குரலை ஒளிபரப்பக் கூடாதென உள்நாட்டு அமைச்சர் ஹர்டு ஆணையிட்டார். குரல்தான் கூடாது, முகம் கூடும், சொல்லும் கூடும்! தொலைக்காட்சியினர், அவர்கள் வாயசைக்கும் படத்தைக் காட்டி, நடிகர்களைக் கொண்டு அந்தச் சொற்களைப் பேசச் செய்தார்கள். இரவல் குரல் கொடுப்பது நம்மவருக்குச் சினிமாவிலே பழகிய வித்தை; அங்கே அரசியலுக்கு வந்தது. 1994 செப்டம்பர் வரை ஏறக்குறைய ஆறாண்டு இந்தக் கூத்து நடந்தது.

தடையினால் இவ்வளவுதான் ஆகும், தோழரே. தடை போட்டால் பத்திரிகையாளன் வேலைநிறுத்தம் செய்கிறான். நடிகன் இரவல் குரல் தருகிறான். தடைபட்ட படத்தைப் பார்க்க வேண்டுமென்று நாட்டோர் துடிக்கிறார்கள். பதினான்கு நாள் விதி செத்தது. பவுல்சன் படம் வெளிவந்தது. குரல் தடை நகைப்புக்கு இடமாயிற்று. தடைக்கு ஒரு முகம் உண்டு. இந்த அமைச்சர் தடுத்தார் என்று சுட்டிக் காட்டலாம். ஏலத்துக்கு முகம் ஏது?

1990 நவம்பரிலே புதிய ஒளிபரப்புச் சட்டம் நிறைவேறிற்று. ஹவ் கேட்டும் மறுத்த ஆணையம் கலைக்கப்பட்டது. அதனிடத்தில் ஐ.டி.சி. என்ற புதிய ஆணையம் அமர்ந்தது. இது ஒளிபரப்புகிற ஆணையமன்று, உரிமம் வழங்குகிற ஆணையம். தரத்தின் வாயிற்படியைத் தாண்டியவர்களுள், அதிகத் தொகை எழுதியவருக்கே உரிமம் என்பது பொதுவிதி. பழிவாங்கவே இச்சட்டம் செய்தனர் என்று சொன்னோர் உண்டு. என்னால் அவ்வளவு உறுதியாகக் கூற இயலாது. ஏலம் விடலாம் என்ற யோசனையை 1986இலேயே பீகாக் குழு கூறியிருந்தது. ஜிப்ரால்டர் அதற்குப் பின்னர் வந்தது. தேம்ஸ் தோற்றது தொகையிலே என்பதும் மெய். அதிகத் தொகை எழுதியும், இவ்வளவு கட்டிப் பிழைக்கமாட்டாய் என விலக்கப்பட்ட டி.வி.எஸ். என்ற கம்பெனியும் உண்டு. விந்தை என்னவெனில், தாட்சர் அம்மையார் விரும்பிய டி.வி.-ஏ.எம். என்ற காலைநேரக் கம்பெனியும் அதே ஏலத்தில் உரிமம் இழந்தது! அதற்குள் பதவியிழந்துவிட்ட அம்மையார், அச்சட்டத்துக்குத் தானே பொறுப்பு என்பதை உணர்ந்து வேதனைப்படுவதாக அதன் தலைவருக்குக் கடிதம் எழுதினார். ஏலத்தின் கோடரி நண்பன், பகைவன் என்று பார்க்கவில்லை.

பழிவாங்கும் நோக்கம் இருந்ததா இல்லையா என்பதைவிட, ஏலம் என்ன செய்தது என்பதே எனக்குப் பெரிதாகப் படுகிறது. ஆண்டுக்கு 4 கோடிக்கு மேல் கருவூலத்தில் கட்டவேண்டியவன், அந்தப் பணத்தை எங்கிருந்து எடுப்பான்? ஒவ்வொரு அரை மணியும் அவனுக்குக் காசு ஈனவேண்டும். மாலை நேரத்து அரை மணி, விலையுயர்ந்த அரை மணி. அதிலே சீட்டுக்கட்டைச் சோதிப்பதா? கார்ல்டன் கம்பெனியின் நிகழ்ச்சித் தலைவர் 1992இல் இதனை ஒளிக்காமல் கூறிவிட்டார்: 'வேர்ல்ட் இன் ஆக்ஷன்' இன்னும் மூன்று அநீதிகளைக் கண்டுபிடித்தாலும், பார்ப்போர் தொகை 50 லட்சத்தை மிஞ்சாது எனில் அதனை நீக்கிவிடுவேன், சிறையிலிருந்து மனிதர்களை மீட்பது ஐ.டி.வி.யின் வேலையன்று. இவ்வாறு பொருள்பட அவர் பேசியபோது, பர்மிங்காம் ஆறு பேர் வெளியே வந்து ஓராண்டுக்குச் சற்றே மேல் ஆகியிருந்தது.

அமெரிக்காவிலே இது முன்னரே நடந்த கதை. எவரைக் கண்டாலும் துரோகி என்று முத்திரை குத்திக்கொண்டிருந்த செனட்டர் மெக்கார்த்தியை, 1954 மார்ச் 9ஆம் நாள், அவருடைய பேச்சுகளின் படத்தைக் கொண்டே அம்பலப்படுத்தினார் எட்வர்டு மர்ரோ. நிலையம் விளம்பரம் தரவில்லை. மர்ரோவும் அவர் கூட்டாளி பிரெண்ட்லியும் சொந்தப் பணம் 1,500 டாலர் கொடுத்து நியூயார்க் டைம்ஸ் ஏட்டிலே விளம்பரம் செய்தார்கள். மெக்கார்த்தியால் மர்ரோவை வீழ்த்த முடியவில்லை. வீழ்த்தியது எது? 1955 ஜூனிலே, அவர் நிகழ்ச்சிக்கு முந்திய அரை மணியிலே தொடங்கிய பரிசுப் போட்டி ஒன்று! 64,000 டாலர் பரிசு. நாடே வாய்பிளந்து பார்த்தது. அந்த மாலைப்பொழுதின் விளம்பர விலை ஏறிற்று. விளம்பரம் தந்த அலுமினியக் கம்பெனி அவ்வாண்டிலேயே விலகிற்று. வாராந்தர இடம் பறிபோயிற்று. 1958இல் நிகழ்ச்சியே நின்றது. அந்த மர்ரோவே பின்னாளில், 1961இல், கென்னடி சர்க்காரின் தகவல்துறைத் தலைவரானதும், அமெரிக்க விவசாயக் கூலிகளின் அவலத்தைப்பற்றித் தானே எடுத்த படத்தைக் காட்டவேண்டாமென பி.பி.சி.யைக் கேட்டுக்கொண்டார்! பி.பி.சி. காட்டிவிட்டது. பீடத்திலே அமர்ந்ததும் கேள்வி கசக்கிறது, கேட்டவனுக்கே கசக்கிறது.

1992 டிசம்பர் 31ஆம் நாள் நள்ளிரவோடு தேம்ஸ் திரையை விட்டு இறங்கிற்று. 36 ஆண்டு வாழ்ந்த 'திஸ் வீக்' அதனோடு போயிற்று. 'வேர்ல்ட் இன் ஆக்ஷன்' 1998 டிசம்பர் வரை தாக்குப்பிடித்து நின்றது. பிறகு அதுவும் இல்லை. எந்த அமைச்சரும் தடையாணை பிறப்பிக்கவில்லை. எந்தப் பத்திரிகையாளரும் அதற்கென வேலைநிறுத்தம் செய்யவில்லை.

இவ்விரண்டுக்கும் இடையிலே, 1995 செப்டம்பர் 27ஆம் நாள், ஸ்ட்ராஸ்பர்க் நகரிலே ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம் ஜிப்ரால்டர் வழக்கிலே தீர்ப்பளித்தது. சிப்பாய்கள் தாம் எண்ணியதை நேர்மையாகவே நம்பினர் என்று ஒப்புக்கொண்டது. குண்டு வைக்கத் திட்டமிட்டோரின் குடும்பத்துக்கு ஈட்டுத்தொகை இல்லை என்றது. ஆனால், அந்த நடவடிக்கையைத் திட்டமிட்டு நடத்திய முறையிலே பிரிட்டிஷ் சர்க்கார் உயிர்வாழும் உரிமையை மீறிவிட்டது என்று, 9 நீதிபதிகளுக்கு எதிராக 10 நீதிபதிகள் கூறினர். அவர்களை முன்னரே தடுத்து நிறுத்தியிருக்கலாமே என்று கேட்டது நீதிமன்றம். ஏழாண்டுக்கு முன் ஒரு ஏப்ரல் மாலையிலே கேட்கப்பட்ட அதே கேள்வி. அதனை முதலிலே கேட்ட நிகழ்ச்சி திரையை விட்டுப் போய் அன்றைக்கு ஏறக்குறைய மூன்றாண்டு ஆகியிருந்தது.